ஏழாவது படம்

தில்லிக் குழாய்த் தண்ணீர் மரத்துக்கு ஆகாது, ராமமூர்த்தி சார். இருநூறு வருடம் கடலில் ஊறிய பலகை காய்ந்தால் வெடித்துவிடும். அதனால் ஆய்வுக்கூடத்தில் சுத்திகரித்த நீர்த் தொட்டியில் போட்டு வைத்திருக்கிறோம். வாரம் ஒருமுறை நீர் மாற்றுவது நான்தான். இரண்டு வருடமாக மாற்றுகிறேன். முதுகு விட்டுப்போய்விட்டது.

விசாரணை அதிகாரி நீங்கள். கேட்பது பலகையைப் பற்றி அல்ல, என்னோடு கடலில் இறங்கி இறந்துபோன ஜோதிலிங்கத்தைப் பற்றி என்று தெரியும். அங்கேதான் வருகிறேன்.

லட்சத்தீவுக்கு அப்பால், நாற்பது மீட்டர் ஆழத்தில் மூழ்கிக் கிடந்த மரக்கப்பலைப் பதிவுசெய்ய நாங்கள் இருவரும் இறங்கினோம். எதையும் அளந்து, படம் எடுக்கும்வரை அசைக்கக் கூடாது என்பது எங்கள் தொழிலின் விதி. பக்கத்தில் அளவுகோல் வைக்காத படத்தை யாரும் ஏற்க மாட்டார்கள். இதில் என்னைவிடக் கறாரானவர் ஜோதிலிங்கம்.

அன்றைக்கு உத்தரம் ஒன்று சரிந்து அவர் காலை அமுக்கியது. கம்பியால் நெம்பித் தூக்கிவிடலாம். ஆனால் கம்பியை ஊன்ற இருந்த ஒரே இடம் அந்தப் பலகை. கப்பல் கட்டிய தச்சர்களின் பெயர்கள் அதில் தமிழில் செதுக்கப்பட்டிருந்தன. நெம்பினால் நொறுங்கும். அப்படி ஒன்றை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. முதலில் படம் எடுத்துவிடலாம் என்று நினைத்தேன். 'பொறு' என்று கை காட்டினேன். அவர் 'சரி' என்று விரல் காட்டினார். முதல் படத்தில் அந்த விரல் விழுந்திருக்கிறது.

கிளம்பிய சேறு அடங்கக் காத்திருந்ததில் நேரம் போய்விட்டது. அவர் சிலிண்டரில் காற்று தீர்ந்தது. என்னுடையதில் பாதிக்குமேல் இருந்தது, கூட வருபவருக்குக் காற்று கொடுக்கும் உபரி வாய்க்குழாயும் இருந்தது. கொடுத்திருந்தால் படம் முடிந்திருக்காது.

அதன்பிறகு அவசரமில்லை. மறுநாள் ஆட்களோடு போய்க் கயிறு கட்டி உத்தரத்தைத் தூக்கினோம். பலகை முழுசாக வந்தது. நான் பார்த்தபோதே அவருக்கு உயிர் இல்லை என்று அறிக்கையில் எழுதினேன்.

போன வாரம் ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் காப்பிப்பொடி வாங்கும்போது அவர் மனைவி தமிழ்செல்வியைப் பார்த்தேன்.

"வைத்தி அண்ணே, அவரு தனியா கெடந்து தவிச்சாரா? பொண்ணு தெனம் கேக்குறா. தமிழ்ல கேக்க வரல அவளுக்கு. 'பாப்பா அகேலே தே க்யா'ன்னு, அப்பா தனியாவா இருந்தாருன்னு இந்தியில கேக்குறா. நான் என்னத்தச் சொல்ல?"

"தனியா இல்லம்மா" என்றேன். அது பொய் இல்லை. ஆனால் அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. ரொம்பக் களைத்துவிட்டேன், சார்.

படங்களை அழித்திருக்கலாமே என்பீர்கள். எடுத்த பதிவை அழிப்பது எங்கள் தொழிலில் குற்றம். அப்படியொரு குற்றத்தை நான் செய்ததே இல்லை. இதோ கேமரா கார்டு, ஏழு படங்கள். ஆறாவதில் அளவுகோல் கோணலாக இருக்கும். ஜோதிலிங்கம் அதை இறுகப் பிடித்துக்கொண்டார், பிடியில் அப்போதும் பலம் இருந்தது. விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, கோலை நேராக வைத்து, ஏழாவதை எடுத்தேன். அறிக்கையின் அட்டையில் இருப்பது அதுதான்.