தண்ணி ஓடுற சத்தம்

— வேணாம்ணா. அந்த மூடியத் திறக்காத.

— ஏன், உள்ள பாம்பா இருக்கு? காலைல வந்ததுலேர்ந்து பாக்குறேன், இந்த ஃப்ளஷ் டேங்க்ல தண்ணி ஓடிக்கிட்டே கெடக்கு. ஒரு ப்ளம்பரக் கூப்பிட மாட்ட?

— வந்தாரு. நான்தான் அப்புறம் பாத்துக்கலாம்னு திருப்பி அனுப்பிட்டேன்.

— சரியான ஆளு நீ! இங்க பாரு குட்டி, மிதவை மேல வந்துடுச்சு, ஆனா வால்வு தண்ணிய நிறுத்தல. உள்ள வாஷர் தேஞ்சிருக்கும். அவ்வளவுதான் விஷயம். சத்தத்த வெச்சே தெரிஞ்சுது, இப்பக் கடைக்குப் போனப்ப புதுசு வாங்கிட்டே வந்துட்டேன்.

— யாரக் கேட்டு வாங்கின?

— ஏன் சீறுற? அப்பாவுக்கு நான் வேற என்னத்தக் கிழிச்சேன்? என்னைக்கோ ஒரு நாள் வந்து எட்டிப் பாக்குறேன். அவருக்கு என்னை அடையாளமே தெரியல. "வாங்க சார், உக்காருங்க"ங்கறாரு. இதையாவது செஞ்சிட்டுப் போறேனே.

— அண்ணா, உனக்குப் புண்ணியமாப் போகும், விட்டுடு.

— கழட்டியாச்சு. இந்தா, பழச குப்பைல போடு. ம்... மாட்டியாச்சு. கீழ அந்தக் குழாயத் திருகி விடு. திருகுன்னா! ஆங், நிரம்புது... நிரம்புது... நின்னுடுச்சு பாத்தியா! ஒரு சொட்டு இல்ல. ஏய், எதுக்கு அழற?

— மெதுவாப் பேசு. செவத்துக்கு அந்தப் பக்கம்தான் அப்பா கட்டில்.

— தெரியும். மடில துண்ட வெச்சுக்கிட்டு உக்காந்திருந்தாரே. குளிக்கணுமாமா?

— அது அம்மா துண்டுண்ணா.

— ஏம்மா! தண்ணிச் சத்தம் நின்னுடுச்சே. உங்கம்மா குளிச்சு முடிச்சிட்டாளா? துண்டெடுக்காம போயிட்டா பாரு. கதவத் தட்டிக் குடு.

— என்ன குட்டி இது? அம்மா போய்ச் சேந்தத நீ அவருகிட்ட சொல்லவே இல்லையா?

— சொல்லாம இருப்பேனா? ஒவ்வொரு தடவையும் இப்பத்தான் கேக்குற மாதிரி தலைல அடிச்சுக்கிட்டு அழறாரு. தண்ணி ஓடுனா மட்டும் அம்மா குளிக்கறான்னு பேசாம உக்காந்திருக்காரு. நான் வேற என்னதான் பண்ணட்டும், சொல்லு?

— உள்ள யாரு சார் அது? என் பொண்டாட்டி ஏன் சத்தமே காட்டல? அவளுக்கு என்ன ஆச்சு?

— ஒண்ணும் இல்ல... ஒண்ணும் ஆகல சார். அம்மா இன்னும் குளிச்சு முடிக்கல. குட்டி, அந்தப் பழைய வாஷர எங்க போட்ட? எடு, சீக்கிரம் எடு!