மூணு தடவை கூப்பிட்டாங்க

ஆக்னஸ்: மெட்டுகுடாலேருந்து அல்வால் வர ஏழு வருஷம் ஆச்சாண்ணே? வாசல்லயே நிக்கிற... வாதிய வெத்தல பாக்கு வச்சுக் கூப்பிடணுமா?

ஏனோக்: இல்லம்மா... செருப்ப எங்க விடுறதுன்னு...

ஆக்னஸ்: அம்மா வீட்டு வாசல் தெரியாதா உனக்கு? பாதி உன்னுதுன்னு கோர்ட்டுக்கு பிளான் வரைஞ்சு குடுத்தவன்தான நீ.

ஏனோக்: அதச் சொல்லத்தான் வந்தேன். கேஸு தள்ளுபடி ஆயிடுச்சு.

ஆக்னஸ்: தெரியும். கேஸ் போட்டவரே வரலைன்னு என் வக்கீல் சிரிச்சாரு.

ஏனோக்: ஹவ், ஆமா. சொந்த கேஸுக்கே ஆப்சென்ட். ஒர்க்‌ஷாப்ல முப்பது வருஷம் ஒரு நாள் லேட்டா போனதில்ல நான்.

ஆக்னஸ்: அன்னிக்கு மட்டும் லேட்டா?

ஏனோக்: எங்க லேட்டு... ஒன்பதரைக்கே போயிட்டேன்.

ஆக்னஸ்: பின்ன, பேரு கூப்பிட்டப்ப?

ஏனோக்: பாத்ரூம்ல இருந்தேன்.

ஆக்னஸ்: வயிறு சரியில்லையா?

ஏனோக்: வயிறு நல்லாத்தான் இருந்துச்சு. தாப்பா போட்டுட்டு சும்மா நின்னேன். டவாலி மூணு தடவை கூப்பிட்டான். மூணாவது தடவை குழாயத் தொறந்து விட்டேன், காதுல விழக்கூடாதுன்னு.

ஆக்னஸ்: ஐயோ... சிரிக்க வைக்காதண்ணே.

ஏனோக்: நீயாவது சிரி. முப்பது நாளைக்குள்ள மனு போட்டா கேஸ திரும்ப எடுப்பாங்களாம். கையெழுத்துப் போடுன்னு என் வக்கீல் விரட்டுறாரு. நாளைக்குக் கடைசி நாள்.

ஆக்னஸ்: போட்டியா?

ஏனோக்: நக்கோ. போடப் போறதுமில்ல.

ஆக்னஸ்: கைக்கு? ஏன் போடல? பாதி வீடுண்ணே...

ஏனோக்: அன்னிக்கு என்னைய கூண்டுல ஏத்தி விசாரிக்கிற நாள். முந்தின நாள்தான் உங்க அண்ணி என் வாக்குமூலத்தப் படிச்சுக் காட்டினா. அதுவரைக்கும் நான் படிக்கல. வக்கீல் பென்சில்ல புள்ளி வச்ச இடத்துலல்லாம் கையெழுத்து மட்டும் போட்டிருந்தேன்.

ஆக்னஸ்: என்ன இருந்துச்சு?

ஏனோக்: அம்மா படுக்கையில கிடந்த மூணு வருஷமும் நீ... ஒரு வாய் கஞ்சி ஊத்தலன்னு.

ஆக்னஸ்: யாரு எழுதினது அத?

ஏனோக்: வக்கீல் எழுதினது. ஆனா கையெழுத்து என்னுது. அழகா வேற போட்டிருக்கேன். ஞாயித்துக்கிழமை வர்றப்பல்லாம், நீ குளிப்பாட்டி தல சீவி உக்கார வச்சிருந்தத பாத்தவன்தான நான். அந்தப் பொய்ய நெசம்னு சத்தியம் பண்ணி எப்படிச் சொல்ல?

ஆக்னஸ்: பொய்யின்னு ஜட்ஜ்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?

ஏனோக்: அவ்ளோ தைரியம் எங்கேருந்து வரும்? நமக்கு பாத்ரூம் வரைக்கும்தான்.

ஆக்னஸ்: உக்காருண்ணே. மொதல்ல உக்காரு.

ஏனோக்: திட்டு. திட்டு வாங்கிட்டுக் கிளம்பறேன்... ஆமா, அன்னிக்கு உன்னையும் காணமே? நீ ஒரு வாய்தாவும் விட மாட்டியே.

ஆக்னஸ்: முட்டி வலின்னு பொய் சொல்லிட்டு வீட்லயே உக்காந்திருந்தேன். அம்மாவ கை நீட்டி அடிச்சியான்னு என் வக்கீல் அன்னிக்கு உன்ன நிக்க வச்சுக் கேக்கறதா இருந்துச்சு... அது அவரா எழுதினது இல்லண்ணே. நீ அடிக்கலன்னு தெரிஞ்சே நான் சொல்லி எழுத வச்சது.