எடுக்காத கை

எனக்குச் சின்ன வயதிலிருந்தே உள்ளங்கை வியர்க்கும். பருத்தி வியாபாரிக்கு அதைவிடப் பெரிய தொல்லை கிடையாது. எங்கள் தொழிலில் விலையை வாயால் சொல்வதில்லை. வாங்குகிறவரும் விற்கிறவரும் கையைப் பிடித்துக்கொண்டு, மேலே ஒரு துண்டைப் போட்டு மூடி, விரலை அழுத்தியே பேரத்தை முடிப்போம். சுற்றி நிற்கிறவர்களுக்கு இரண்டு பேர் மழையைப் பற்றிப் பேசிக்கொண்டு நிற்பதுபோலத்தான் இருக்கும். கை வியர்த்தால் நம் ஆசை எதிராளிக்குத் தெரிந்துவிடும். அதனால் கிடங்கு வாசலில் ஒரு தட்டில் சாம்பல் வைத்திருப்பேன். அதைத் தொட்டுக்கொண்டுதான் துண்டுக்குள் கையை விடுவேன்.

அந்த விரல் பேச்சில் இரண்டு விஷயம் உங்களுக்குத் தெரிந்தால் போதும். உள்ளங்கையில் நகத்தை அழுத்தினால், சத்தம் காட்டாதே, வேறு யாருக்கும் தெரியக் கூடாது என்று அர்த்தம். துண்டை எடுப்பதற்கு முன்னால் ஒருவர் கையை உருவிக்கொண்டால் பேரம் முறிந்தது; அதற்காக அவரை யாரும் குறை சொல்ல மாட்டார்கள். துண்டை எடுத்த பிறகு பேச்சு மாறாது. உள்ளே பேசியதை வெளியே சொல்வதும் கிடையாது.

எனக்கு இதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. மதகுக்காரன் சிறையில் செத்துப்போனான் என்று போன வாரம் தெரிந்தது. அதற்குப் பிறகுதான் எனக்குப் பேனா எடுக்கத் தைரியம் வந்தது. அதையும் சேர்த்தே எழுதுகிறேன்.

அவனைப் பூச்சி என்று கூப்பிடுவார்கள். வாயில்லாப் பூச்சி என்பது காலப்போக்கில் அப்படிச் சுருங்கிவிட்டது. என் கிடங்கில் மூட்டை தூக்க வந்தவன், நின்று பார்த்தே விரல் பேச்சைக் கற்றுக்கொண்டான். துரைமார் எங்கள் ஊருக்கு நகரசபை கொடுத்து, நான் தலைவரானதும், அவனுக்கு ஆற்றங்கரை மதகில் வேலை போட்டுக் கொடுத்தேன். மதகைத் தூக்கினால் வெள்ளம் பள்ளத்துத் தெருவுக்குள் போகும். தூக்காவிட்டால் கடைவீதிக்குள் வரும். அதனால், தூக்குவதற்கு முன்னால் மணி அடிக்க வேண்டும், பள்ளத்து ஜனங்கள் கரையேறிய பிறகுதான் மதகில் கை வைக்க வேண்டும் என்று சபையில் ஒரு விதி போட்டோம். அந்த விதியைக் கொண்டுவந்தவன் நான்தான். துரை எழுந்து வந்து எனக்குக் கை கொடுத்தார்.

அந்தக் காலத்தில் வரி கட்டுகிறவனுக்குத்தான் ஓட்டு. பள்ளத்துத் தெருவில் ஓட்டு இருந்த ஒரே ஆள் என் தங்கையின் கணவர், மரப்பட்டறைக்காரர். தேர்தலன்று துரை முன்னால் எல்லாரும் கையைத் தூக்கியபோது, அவர் எனக்கு எதிராகத் தூக்கினார். கடைவீதியே வேடிக்கை பார்த்தது. மறுநாள் தங்கை வந்து, "அவரு குணம் அப்படித்தாண்ணா. நீ ஒண்ணும் மனசுல வச்சுக்காத" என்றாள். நான் வைத்துக்கொள்ளவில்லை.

அந்த வருஷ வெள்ளத்தில் பூச்சி ஒழுங்காக மணி அடித்தான். பள்ளத்து ஆண்கள் கரையேறி ஓடவில்லை. மதகின் மேல் வந்து உட்கார்ந்துகொண்டார்கள். மதகைத் தூக்க முடியாமல் கடைவீதியில் தண்ணீர் புகுந்து, என் கிடங்கில் அடிவரிசை மூட்டைகள் எல்லாம் ஊறி நாறிப்போயின. அதை மட்டும் நான் மறக்கவில்லை.

அடுத்த மழையில் ஆறு மறுபடியும் கரையைத் தொட்டது. பட்டப்பகல். சபை உறுப்பினர்கள் குடை பிடித்துக்கொண்டு என் பின்னால் நின்றார்கள். பூச்சி மணிக் கயிற்றுப் பக்கம் போனான். நான் அவன் கையைப் பிடித்தேன். மழை பெய்கிறது, தோளில் கிடந்த துண்டு இரண்டு கைகளின் மேலும் சரிந்தது. யாருக்கு என்ன சந்தேகம் வரும்? கட்டைவிரலை அழுத்தினேன். தூக்கு. பிறகு அவன் உள்ளங்கையில் நகத்தை வைத்தேன்.

மதகு ஏறியது. மணி அடிக்கவில்லை.

எத்தனை பேர் என்பது சபைப் பதிவில் இருக்கிறது. ஆண்கள் வேலைக்குப் போயிருந்த நேரம் என்பதால் பெரும்பாலும் பெண்களும் பிள்ளைகளும். என் தங்கையைப் பட்டறை வீட்டுக் கதவுக்குப் பின்னாலிருந்து எடுத்தார்கள். கதவு வெளிப்பக்கமாகத் திறக்கிற கதவு. தண்ணீர் அழுத்தினால் திறக்காது. அவர்களை மூடுவதற்கான துணியை எல்லாம் என் கிடங்கிலிருந்தே கொடுத்தேன். அங்கே ஒரு மூட்டைகூட நனையவில்லை.

விசாரணையில் துரை என்னைக் கேட்டார், மணி அடிக்க வேண்டாம் என்று சொன்னீரா என்று. நான் வாயே திறக்கவில்லை என்றேன். உறுப்பினர்கள் எல்லாரும் அதையே சொன்னார்கள், உண்மையாகவே. தலைவர் அந்த இக்கட்டிலும் வேலைக்காரன் கையைப் பிடித்து ஆறுதல் சொன்னார் என்றுகூட ஒருவர் சொன்னார். பூச்சியிடம் கேட்டபோது, "மறந்துட்டேன் துரை" என்றான். அவ்வளவுதான். கடமை தவறுவதைப் பற்றி அன்று சாயங்காலம் நான் சபையில் நன்றாகப் பேசினேன். எனக்குப் பட்டம் வந்தது. புது மண்டபச் சுவரில் என் பெயரைக் கல்லில் வெட்டினார்கள். தங்கை கணவர் அதற்குப் பிறகு ஓட்டுப் போட வரவில்லை.

அவசரத்தில் தங்கை நினைவே வரவில்லை என்று வீட்டில் சொல்லி அழுதேன். என் மனைவி நம்பினாள். சில நாட்கள் நானும் நம்பினேன். அது பொய். நகத்தை அழுத்திய பிறகு, துண்டுக்குள் கை இருக்கும்போதே, பூச்சி எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி வாய் திறந்தான்.

"முதலாளி, தங்கச்சியம்மா வீட்டுலதான் இருக்காங்க. இப்பத்தான் பாத்தேன்."

சொல்லிவிட்டுப் பிடியைத் தளர்த்தினான். நான் உருவிக்கொள்ள வசதியாக. ஒரு பேரத்தில் ஒருவன் இன்னொருவனுக்குக் கொடுக்கக்கூடிய பெரிய மரியாதை அது. எனக்கு எல்லாம் நினைவுக்கு வந்தது, தங்கை, அந்தக் கதவு, துரை முன்னால் தூக்கிய அந்தக் கை. நான் உருவிக்கொள்ளவில்லை. நகத்தை இன்னொரு தடவை அழுத்தினேன்.

சிறைக்கு ஒரே ஒரு முறை போனேன். பூச்சி மெலிந்து, நரைத்துப்போயிருந்தான். அவன் வீட்டைக் கவனித்துக்கொள்கிறேன் என்றேன். தலையாட்டினான். பிறகு கம்பி வழியாகக் கையை நீட்டினான். வழக்கத்தை விட முடியாமல் நானும் பிடித்து, துண்டைப் போட்டு மூடினேன். அவன் ஒரு விரலையும் அழுத்தவில்லை. பிடியைத் தளர்த்தி, அன்றைக்குப் போலவே காத்துக்கொண்டிருந்தான். என் உள்ளங்கை வியர்த்துக் கொட்டியது. தாங்க முடியாமல் கையை உருவிக்கொண்டேன்.

"அன்னைக்கு எடுத்திருக்கலாம் முதலாளி" என்றான்.