பழைய படைக்கு ஒரு சாஃப்ட்வேர்

கஜபதி: ...அதான் லோகா, எந்த சாஃப்ட்வேர போட்டா பயமில்லன்னு கேக்குறேன். உன் வேலயே கம்ப்யூட்டர்லதான.

லோகநாயகி: எதுக்கு? அந்த பொம்ம சிப்பாய்ங்க ஆட்டத்துக்கா?

கஜபதி: பொம்மன்னு சொல்லாத. ஒவ்வொரு சிப்பாய்க்கும் பாயிண்ட் கீது. கூட்டிப் பாத்தா ரெண்டு படையும் சமமா வரணும். நாங்க ஆட்றது பழைய ரூலு. புதுசுக்குத்தான் ஆப் உட்டுகீறாங்க, பழசுக்கு...

லோகநாயகி: பேப்பர்ல எழுதுங்க.

கஜபதி: எழுதினா கூட ஆட்ற செங்கல்வராயன் தப்பு புடிச்சிகினே இருப்பான். ஞாயித்துக்கெழம குமணன்சாவடில அவன் ஊட்லதான் ஆட்டம்.

லோகநாயகி: அப்ப பிரவுசர்லயே ஓடுறது எதுனா பாருங்க. டவுன்லோடே வேணாம்.

கஜபதி: கீது. அதுல என் படை இல்ல.

லோகநாயகி: சரி, ரொம்ப நாளா நாலு பேர் யூஸ் பண்ற சாஃப்ட்வேர் எதுனா... செஞ்சவன் யாருன்னு வெளிய தெரியணும். எவனோ ஏத்தி வச்ச ஃபைல மட்டும் தொடாதீங்க.

கஜபதி: ஆன்டிவைரஸ நிறுத்திட்டு போடுன்னு சொன்னா?

லோகநாயகி: யாரு சொன்னா?

கஜபதி: சும்மா... ஒரு பேச்சுக்கு.

லோகநாயகி: அப்டி கேட்டாலே மூடிட்டு வந்துடணும்.

கஜபதி: ஒருத்தன் போட்டுட்டான்னு வையி. இன்னா ஆவும்?

லோகநாயகி: யாரு, செங்கல்வராயனா?

கஜபதி: ...ஆமா. மவுஸ் அம்பு தானா நவுருதாம். கேமரா லைட்டு எரியுது, அணையுது...

லோகநாயகி: மொதல்ல நெட்ட கட் பண்ண சொல்லுங்க.

கஜபதி: பண்ணிட்டேன்.

லோகநாயகி: பண்ணிட்டேனா?

கஜபதி: பண்ணிட்டான்னு சொல்ல வந்தேன்.

லோகநாயகி: அதுல இன்னா வச்சிருந்தாரு?

கஜபதி: ஆஸ்பத்திரி ஃபைலுங்க. நோயாளிங்க பேரு, அட்ரஸு, இன்னா வியாதின்னு...

லோகநாயகி: அவரு மாவு மில்லு வச்சிருக்காரு. அவருகிட்ட ஏது நோயாளிங்க?

கஜபதி: லோகா...

லோகநாயகி: சொல்லுங்க.

கஜபதி: நேத்து நீ பருத்திப்பட்டுல உங்கம்மா ஊட்டுக்குப் போயிருந்தல்ல. என் லேப்டாப் ஆன் ஆவல. பாஸ்வேர்டு தெரியும்ல, உன் ஆஸ்பத்திரி ஆபீஸ்ல குடுத்த லேப்டாப்ப தொறந்தேன். கொஞ்ச நேரம்தானன்னு ஆன்டிவைரஸ நிறுத்திட்டு அத போட்டேன்... கேமரா லைட்டு எரிஞ்சதும் நெட்ட கட் பண்ணிட்டேன். அத்தன பேர் வெவரம் எவன் கைல போச்சோ. நானே உன் ஆபீஸுக்கு வந்து சொல்லிட்றேன். நான்தான் போட்டேன்னு.

லோகநாயகி: வராதீங்க. காலைலயே ஆபீஸ்லேர்ந்து கூப்ட்டு, லேப்டாப்ல யாரு இத போட்டதுன்னு கேட்டாங்க, நீங்களாத்தான் இருக்கும்னு அப்பவே தெரிஞ்சிடுச்சி. அடுத்தவங்க கைல லேப்டாப்ப குடுத்தேன்னு தெரிஞ்சா அப்பவே வேலய உட்டு தூக்கிடுவாங்க... நான்தான் போட்டேன்னு சொல்லிட்டேன்.