தொந்தி வெச்ச புனிதர்

அன்னைக்குக் கோயிலுக்குள்ள யார் யார் இருந்தாங்கன்னா கேக்கறீங்க? சரியாச் சொல்லிடறேன், வர்ணக்காரரே. தலைநகரத்துலேர்ந்து சோதனைக்கு வந்த பெரிய சாமியார் ஒருத்தர். அவர் பேசறத நமக்கும், நாம பேசறத அவருக்கும் மாத்திச் சொல்ற துபாசி ஒருத்தர். துப்பாக்கியோட சிப்பாய் ரெண்டு பேர். தச்சு வேலை பாக்கற என் மச்சான். அவனப் பெத்த என் மாமியார். கோயில்பிள்ளை நானு, கையில வெளக்கமாறோட. பீடத்து மேல புனிதருங்க ஒம்பது பேர்.

ஆமா, அவங்களையும் சேத்துதான் எண்ணுவேன். தும்மினாக்கூட எத்தனைன்னு எண்ணி வெச்சுக்கற ஆளுன்னு மாமியார் சொல்லுவாங்க. எண்ணத்தான் தெரியும். நாலு பேர் முன்னால பேசச் சொன்னா நாக்கு மேல ஒட்டிக்கும். உங்ககிட்ட இவ்வளவு பேசறது எனக்கே ஆச்சரியமா இருக்கு. கொஞ்சம் அந்தத் தூரிகையக் கீழ வைங்களேன், சொல்லி முடிச்சுடறேன்.

அந்தத் தொந்தியா? சிரிக்காதீங்க. அவர் நாப்பது நாள் பட்டினி கெடந்து தவம் பண்ண புனிதர். அதுக்கு முன்னால எங்க மழைச்சாமி. வெள்ளைக்காரங்க ஆட்சி வந்ததும் பழைய சாமி எட்டையும் எரிக்கணும்னு உத்தரவு. மச்சானுக்கு மனசு வரல. பக்தின்னு நெனைச்சுடாதீங்க, நல்ல மரம் வீணாப் போகுதேன்னு. எட்டுப் பேரையும் பட்டறைக்குத் தூக்கிட்டுப் போயி உளியாலயே ஞானஸ்நானம் குடுத்துட்டான். ஆத்துச்சாமி கையில இருந்த மீனச் சீவிச் சாவியாக்கினான். மழைச்சாமிக்குத் தாடி, அங்கி எல்லாம் வந்துருச்சு, தொந்தி மட்டும் போகல. உள்ள பொந்தாம், சீவினா ஆளே பொளந்துடுவாராம்.

பெரிய சாமியார் அந்த வயித்தையே பாத்துட்டு நின்னாரு. பட்டினி கெடந்தவருக்கு இது எப்படின்னு கேட்டாரு. துபாசி என்னப் பாத்தாரு. நான் வெளக்கமாறப் பாத்தேன். மச்சான்தான், விரதம் முடிச்ச மறுவாரம் செஞ்ச சிலைன்னு சொல்லுங்கன்னான்.

நான் மட்டும் யோக்கியமா? முட்டி போட்டு வாயால பாவமன்னிப்புக் கேப்பேன், மனசுக்குள்ள மழை கேப்பேன். பேஞ்சா பழையவருக்கு நன்றி, பேயலன்னா என் பாவம்தான்னு புதியவர்கிட்ட இன்னொரு மன்னிப்பு. ஒருத்தரே ரெண்டையும் கேட்டுக்கறதால அலைச்சல் மிச்சம்.

கடைசில நிக்கறதா? அதுக்குத்தான் வரேன். எங்க ஜனங்க, செத்துப்போனவங்கள மரத்துல செஞ்சு வீட்டுல வெச்சுக்குவோம். அதையும் எரிக்கணும்னு வீடு வீடாச் சோதனை. தெருமுனையில சிப்பாயப் பாத்ததும் மாமியார் எங்க வீட்டுல இருந்தத துணியில சுத்தி எடுத்துக்கிட்டு, இங்க ஓடி வந்து எட்டுப் பேரோட ஒம்பதாவதா நிறுத்திட்டாங்க. துணிய உருவி இடுப்புல செருகறதுக்குள்ள பெரிய சாமியார் படியேறிட்டாரு.

அவர் வரிசையா இது யாரு, இது யாருன்னு கேட்டுக்கிட்டே வந்தாரு. எட்டுக்கும் மச்சான் டக்கு டக்குன்னு பதில் சொன்னான். ஒம்பதாவது முன்னால வந்ததும் என் பக்கம் திரும்பிட்டான். மாமியார் தலையக் குனிஞ்சுக்கிட்டாங்க. எல்லாரும் என்னப் பாக்கறாங்க. யோசிச்சுப் பொய் சொல்ற சாமர்த்தியம் இருந்தா நான் ஏன் வெளக்கமாறு புடிக்கறேன்? வாயில வந்ததச் சொல்லிட்டேன். வீட்டுக்காரம்மான்னேன்.

துபாசி அதை அவங்க பாஷையில எப்படி மாத்தினாரோ, பெரிய சாமியார் தொப்பியக் கழட்டிட்டு மண்டி போட்டுட்டாரு. வீட்டையெல்லாம் காக்கற மாதான்னு சொன்னாராம். சிப்பாய் ரெண்டு பேரும் மண்டி போட்டாங்க. நானும் போட்டேன். எனக்கு அது புதுசு இல்ல, கல்யாணமான நாள்லேர்ந்து அவ முன்னால நான் அப்படித்தான்.

இப்பக் கூரை ஒழுகினாலும் ஊரே அவகிட்டதான் வந்து வேண்டிக்குது. உசிரோட இருந்தப்ப எங்க கூரையே ஒழுகும். அதுக்கும் என்னத்தான் திட்டுவா.

இப்ப வந்திருக்கற புது சாமியார், தான் குடுத்த படத்துல இருக்கற மாதிரியே எல்லா மூஞ்சியும் வெளுப்பா, கண்ணு நீலமா இருக்கணும்னு உங்ககிட்டச் சொல்லியிருக்காரு. செய்ங்க. மழைச்சாமிக்கு நீலக் கண்ணு எடுப்பாத்தான் இருக்கும். இவளுக்குன்னு படம் இல்லாததால பக்கத்துல நிக்கற பொம்பளப் புனிதரப் பாத்து வரைஞ்சுடலாம்னீங்க பாருங்க, அது மட்டும் வேண்டாம். அங்கி, கிரீடம் எது வேணா போடுங்க. மூஞ்சிய விட்டுடுங்க. அந்தத் தெத்துப்பல்லு சரியா வர்ற வரைக்கும் மச்சான உக்கார விடாம நான் நச்சரிச்சு வாங்கினது. எனக்கு அவ மூஞ்சி வேற எங்கயும் இல்ல.

அவர் வார்த்தைய நீங்க மீறவும் வேண்டாம். கையில இருக்கற படத்த எண்ணிப் பாருங்க, எட்டு. உங்களுக்கு உத்தரவும் அந்த எட்டுக்குத்தான். மிச்சம் ஒருத்தி.