பாட்டில் வந்த ‘நான்’

காப்பிக்கு நன்றி, வக்கீலம்மா. ஜெயிலில் எங்களுக்கு ஊற்றுவது பாத்திரம் கழுவிய தண்ணீர் மாதிரி இருக்கும். அலபாமா அரசாங்கத்தின் மேல் எனக்குள்ள ஒரே வருத்தம் அதுதான்.

உங்கள் கட்சிக்காரன் கடேரியஸும் நானும் நான்கு வருடம் ஒரே அறை. கார் திருடி உள்ளே வந்தவன். ஆனால் ராப் பாட வாயைத் திறந்தால் காவலர்களே நின்று கேட்பார்கள். இரும்பு மேசையில் தாளம் போடுவது நான். ஞாயிறுதோறும் மைதானத்தில் நடக்கும் போட்டியில் எங்களை அடிக்க ஆளே கிடையாது.

அப்புறம் அவனுக்கு விடுதலைத் தேதி வந்தது. மகளின் எட்டாவது பிறந்தநாளுக்கு வீட்டில் இருப்பானாம். நல்ல விஷயம்தான். எனக்கு இன்னும் பத்தொன்பது வருடம் இருந்தது. தனியாகத் தாளம் போட்டால் கிழவன் கதவைத் தட்டுகிறான் என்று நினைப்பார்கள்.

அதனால் அவனுக்கு ஒரு கதை சொன்னேன். ஆறு வருடத்துக்கு முன் செல்மா சாலை பெட்ரோல் பங்க்கில் ஒரு ஊழியரைச் சுட்டுக் கொன்ற கதை. அவர் கையில் சூடு ஆறாத அவித்த வேர்க்கடலை இருந்ததையும் சொன்னேன். யாரோ சொல்லிக் கேட்டது என்றேன். மறுநாளே பாட்டாக்கிவிட்டான்.

“என்னடா, நீயே சுட்ட மாதிரி எழுதிருக்க?”

“‘யாரோ சுட்டான்’னு பாடுனா, நியூஸ் வாசிக்க வந்தியாடான்னு ஓட்டுவானுங்க பெருசு. எவன் கதையா இருந்தாலும் ராப்புல ‘நான்’தான். உனக்குத் தெரியாததா?”

எனக்குத் தெரியும். அரசு வக்கீலுக்குத் தெரியாது. வேர்க்கடலை வரியை அடிக்கோடிட்டு அவனுடைய பாட்டு நோட்டை அவருக்குத் தபாலில் அனுப்பினேன். அந்த வேர்க்கடலையைப் பற்றிப் போலீஸ் வெளியே மூச்சு விட்டதில்லை.

“பெருசுதான் சொன்னாரு” என்று கோர்ட்டில் கத்தினான். என்னைக் கேட்டார்கள். இல்லை என்றேன். அரசு வக்கீல் அந்தப் பாட்டை மளிகைச் சீட்டு மாதிரி வாசித்தார். எனக்கு நெஞ்சு வலித்தது அப்போது மட்டும்தான்.

ஆயுள் தண்டனை. அவனுக்காக அறையைப் பெருக்கி, போர்வையை மடித்து வைத்திருந்தேன். அவனோ வேறு பிளாக் கேட்டு வாங்கிக்கொண்டு போய்விட்டான். கோபம் இருக்கும், ஆறிவிடும் என்று பொறுத்துக்கொண்டேன்.

போன ஞாயிறு அவன் பாட, டைரல் என்ற தடியன் தாளம் போட்டான். ஜெயித்தும் விட்டார்கள்.

ஆகவே எழுதிக்கொள்ளுங்கள். சுட்டது நான். துப்பாக்கி என் அத்தை வீட்டுப் பன்றிக் கொட்டகைக்குப் பின்னால் புதைந்திருக்கிறது. ஏன் இப்போது சொல்கிறேன் என்று கேட்டால், மனசாட்சி என்று போட்டுக்கொள்ளுங்கள்.

அவனை இந்த ஞாயிற்றுக்கிழமைக்குள் வெளியே அனுப்பிவிட முடியுமா?