வலை நடுவே ஒரு மஞ்சள் முடிச்சு

அதட்டினால் ஆசிரியராகவும் அணைத்தால் அன்னையாகவும் விளங்கி, இந்த அவைக்குத் தலைமை ஏற்றிருக்கும் எங்கள் வலைத்தொழிலாளர் சங்கத் தலைவி குள்ளம்மாள் அவர்களே! சுட்டெரிக்கும் வெயிலைச் சட்டை செய்யாமல் முன்வரிசையில் வீற்றிருக்கும் ஊர்ப் பெரியவர்களே! மொரப்பூர் ரயிலடியில் மூட்டை இறக்கிய கையோடு, தோள் துண்டைக்கூட உதறாமல் வந்து நிற்கும் தோழர்களே! அரூர் பஸ்ஸைத் தவறவிட்டாலும் பரவாயில்லை என்று காத்திருக்கும் நண்பர்களே! எல்லாருக்கும் மேலாக, பெற்ற பிள்ளைகளைப் பட்டாளத்து ரயிலில் ஏற்றி அனுப்பிவிட்டு, அழுகையை அடுப்படியோடு நிறுத்திக்கொண்டு, காலையில் வேலைக்கு வந்துவிடும் என் தாய்மார்களே! வலைக் கொட்டகையில் துணி வெட்டும் கவுஸ் பாஷாவாகிய நான் உங்கள் அனைவரையும் கைகூப்பி வணங்குகிறேன்.

கத்தரி பிடிக்கிற கைக்கு மைக் எதற்கு என்று அங்கே ஒருவர் சிரிக்கிறார். சிரியுங்கள் ஐயா. உங்கள் கல்யாணச் சட்டைக்குக் காஜா எடுத்ததும் இந்தக் கைதான். அன்றைக்கு நீங்கள் சிரிக்கவில்லை.

நான் இன்று வாழ்த்துரை வழங்க வரவில்லை. வழக்காட வந்திருக்கிறேன். அதுவும் என் தாய்மார்களோடு வழக்காட வந்திருக்கிறேன். நம் கொட்டகையில் கட்டுக்கட்டாகக் கிடக்கும் வலைகள் வருகிற வெள்ளிக்கிழமைச் சரக்கு வண்டியில் ஏற வேண்டும். ஏறினால் நம் கொட்டகை நிலைக்கும். ஏறாவிட்டால் அடுத்த வாரம் அதன் கதவில் பூட்டுத் தொங்கும். இதைத் தவிர இன்று பேசுவதற்கு வேறு பொருள் இல்லை.

வெளியூரிலிருந்து வந்திருப்பவர்கள் என் பின்னால் விரித்துக் கட்டியிருப்பதைப் பாருங்கள். மீன் பிடிக்கும் வலை அல்ல இது. பச்சையும் பழுப்புமாய்த் துணித் துண்டுகளை இதன் கண்ணிகளில் முடிந்து முடிந்து, பார்த்தால் புதரோ பொட்டலோ என்று நினைக்கும்படி செய்கிறோம். எல்லையிலே பீரங்கி நின்றால் அதன்மேல் இதைப் போர்த்துவார்கள். லாரி நின்றால் லாரியின்மேல் போர்த்துவார்கள். மேலே பறந்து வருகிறவன் கண்ணுக்குக் காடு தெரியும், கல் தெரியும், நம் பிள்ளைகள் தெரிய மாட்டார்கள்.

தமிழகத்திலே பாதுகாப்புத் தொழில் எங்கே இருக்கிறது என்று பள்ளிக்கூடத்துப் பிள்ளையைக் கேளுங்கள். ஆவடியில் டாங்கி என்பான். திருச்சியில் துப்பாக்கி என்பான். அருவங்காட்டில் வெடிமருந்து என்பான். எல்லை தாண்டிப் பெங்களூருக்குப் போனால் விமானம் என்பான். தர்மபுரி மாவட்டத்தில் என்ன என்று கேளுங்கள். விழிப்பான்! நாம் என்ன செய்துகொண்டிருந்தோம்? ஆள் அனுப்பிக்கொண்டிருந்தோம். பட்டாளத்துக்குப் பிள்ளையை அனுப்பினோம். பெங்களூரில் கட்டடம் கட்டப் பெண்ணை அனுப்பினோம். மழை பொய்த்த ஆண்டுகளில் கரும்பு வெட்டக் குடும்பத்தையே அனுப்பினோம். உயிரைக் கொடுக்கும் வேலைக்கு இந்த மாவட்டம் வேண்டும், ஊதியம் கொடுக்கும் வேலைக்கு இந்த மாவட்டம் வேண்டாமா?

டாங்கியை ஆவடி செய்கிறது என்கிறோம். ஆவடி மட்டுமா செய்கிறது? அதற்குத் திருகாணி கடைந்தவன் ஒரு ஊர்க்காரன். அதை மூடும் தார்ப்பாயைத் தைத்தவள் வேறொரு ஊர்க்காரி. குண்டு வைக்கும் பெட்டிக்குப் பலகை இழைத்த தச்சன் இன்னொரு ஊரில் இருக்கிறான். ஒரு பெரிய ஆலையின் பின்னால் ஓராயிரம் சின்னக் கைகள் இருக்கின்றன. அந்தக் கைகளுக்குப் போகிற கூலிதான் மளிகைக் கடைக்குப் போகிறது, பள்ளிக்கூடத்துக்குப் போகிறது, வரியாகி அரசாங்கத்துக்கும் போகிறது. மாநிலத்தின் பொருளாதாரம் என்று பட்டணத்திலே பெரிய வார்த்தையாகச் சொல்கிறார்களே, அது வேறொன்றும் இல்லை. அம்மா உள்ளூரில் வேலை செய்து, பொழுது சாயும் முன்னால் வீடு திரும்புவதுதான்!

கை தட்டாதீர்கள். தட்டுகிற நேரம் இது இல்லை.

போரைப் போற்ற வந்தவனும் அல்ல நான். போர் வேண்டும் என்று இந்தக் கூட்டத்தில் எந்தத் தாய் சொல்வாள்? ஆனால் பிள்ளை அங்கே நிற்கிறானே! நிற்கிறவன் தலைக்குமேல் ஏதாவது ஒன்று வேண்டும் அல்லவா? அந்த ஒன்றைத்தான் நாம் செய்கிறோம்.

இனி வழக்குக்கு வருகிறேன். அதோ, மூன்றாவது வரிசையில் தலை குனிந்து உட்கார்ந்திருக்கிறார் தீர்த்தம்மாள். அவர் மகன் முனிராஜ் எல்லையிலே பனிமலையடியில் லாரி ஓட்டுகிறான். ஊரிலே வழக்கம் என்ன? பிள்ளைக்கு ஆபத்து வரக்கூடாது என்றால், முனியப்பனை வேண்டிக்கொண்டு மஞ்சள் துணியில் ஒரு காசு முடிந்து வைப்போம். பிள்ளை நல்லபடியாய் வந்த பிறகு முடிச்சை அவிழ்த்துக் காசைக் கோயிலில் சேர்ப்போம். தீர்த்தம்மாளும் முடிந்தார். ஆனால் வீட்டு மாடத்தில் வைக்கவில்லை. தாம் கட்டிய வலையின் நட்ட நடுவில் வைத்து முடிந்தார்!

ஏனம்மா இப்படிச் செய்தீர்கள் என்று பிறகு கேட்டேன். அவர் சொன்னார், "மாஸ்டர், வூட்டுல வச்சா அது வூட்டுலதான் இருக்கும். இது அவன் இருக்கற எடத்துக்கே போவுதில்லீங்களா. அவன் தலைக்கு மேலயே இருக்கட்டும்னு வச்சேனுங்க."  

அவரைப் பார்த்துப் பக்கத்தில் இருந்தவர் முடிந்தார். அவரைப் பார்த்து அடுத்தவர் முடிந்தார். என் வீட்டுக்காரி ஜான் பீ மட்டும் சும்மா இருப்பாளா? அவள் அக்கா மகன் பட்டாளத்தில் சமையல்காரன். தர்காவில் ஓதி வாங்கிய பச்சைத் துணியை அவள் ஒரு வலையில் முடிந்துவிட்டாள். பச்சை வலையில் பச்சை முடிச்சு! தப்பித்துக்கொண்டது. மஞ்சள்தான் மாட்டிக்கொண்டது. ஆமாம், சிரியுங்கள், இந்த ஒரு இடத்தில் சிரித்துக்கொள்ளுங்கள்.

வலைகளைச் சோதனை செய்யப் பட்டாளத்திலிருந்து அதிகாரி வந்தார். நல்ல மனிதர். கொட்டகைக்குப் பின்னால் முள்ளுக்காட்டில் நம் வலையை விரிக்கச் சொன்னார். தண்ணீர்த் தொட்டியின் மேல் ஏறினார். கண்ணைச் சுருக்கிக் கீழே பார்த்தார். பிறகு, "இந்த வலையைக் கட்டினது யாரும்மா? மேலே வாங்க" என்று கூப்பிட்டார். தீர்த்தம்மாள் புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏணியில் ஏறினார். நானும் பின்னாலேயே ஏறினேன்.

"என்ன தெரியுதும்மா?" என்றார் அதிகாரி.

தோழர்களே, கீழே வலை இல்லை. வலை விரித்த இடமே தெரியவில்லை. முள்ளும் மண்ணும்தான் தெரிந்தன. அப்படி ஒரு வேலை செய்திருக்கிறார்கள் நம் பெண்கள்! ஆனால் அந்த முள்ளுக்கு நடுவிலே, பளிச்சென்று, ஒரு மஞ்சள் புள்ளி. அதைப் பார்த்ததும் தீர்த்தம்மாள் முகமெல்லாம் மலர்ந்து, "சார்! ஏம் முடிச்சு தெரியுதுங்க! இவ்ளோ ஒசரத்துல இருந்தும் நல்லாத் தெரியுதுங்க!" என்றார்.

அதிகாரி அவரைப் பார்க்காமல், "எதிரிக்கும் தெரியும்மா" என்றார்.

அந்தத் தாய் ஏணியில் இறங்கிய இறக்கத்தை நான் என்றைக்கும் மறக்க மாட்டேன்.

மஞ்சளை எடுத்துவிட்டால் அத்தனை வலையும் சரி, எடுக்காவிட்டால் ஒன்றும் சரியில்லை, வேலை வேறு மாநிலத்துக்குப் போகும் என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார். அன்றைக்கு நின்ற கைகள்தான், இன்றுவரை யாரும் முடிச்சைத் தொடவில்லை. வேண்டுதல் நிறைவேறுமுன் முடிச்சை அவிழ்த்தால் அவிழ்த்தவர் குடும்பத்துக்கு ஆகாது என்று ஒரு பயம். அந்தப் பயத்தில் கொட்டகை ஊமையாகக் கிடக்கிறது.

என்ன தம்பி? கத்தரியை எடுத்து நானே நறுக்கிவிட வேண்டியதுதானே என்கிறீர்களா? நறுக்கலாம். ஒரு நாழிகை வேலை. உங்கள் அம்மா உங்களுக்காக முடிந்ததை நான் நறுக்கட்டுமா தம்பி? எழுந்து நின்று சொல்லுங்கள், நறுக்கட்டுமா? உட்கார்ந்துவிட்டார். எனக்கும் கை வராது. முனியப்பன் கோயில் கொடிக்குத் துணி தைத்துக் கொடுக்கிற கை இது. உங்கள் வேண்டுதலை என் கத்தரி தொடாது.

ஜான் பீயிடம் நேற்றுச் சொன்னேன், உன் பச்சை முடிச்சு யார் கண்ணிலும் படவில்லை, நீ சும்மா இரு என்று. என்னைப் பார்த்து ஒரு முறை முறைத்தாள். "அவுங்க புள்ளைக்கு ஒண்ணு, நம்ம புள்ளைக்கு ஒண்ணா? அவுங்க அவுத்தா நானும் அவுப்பேன். அவுங்க அவுக்காட்டி நீங்க கொட்டகையைச் சாத்திட்டு வூட்டுல ஒக்காருங்க" என்றாள். இப்படியொரு நீதியை நான் எந்த மேடையிலும் கேட்டதில்லை.

ஆகையால் தாய்மார்களே, அதட்டவில்லை, அடம்பிடிக்கவில்லை, அடிபணிந்து கேட்கிறேன். உங்கள் அன்பு பெரியதா? பெரியது. உங்கள் வேண்டுதல் உண்மையா? உண்மை. ஆனால் இந்த வேலை மற்ற வேலைகளைப் போன்றது அல்ல. பூத்தொடுத்தால் பார்த்து மகிழ்வார்கள். பட்டு நெய்தால் தொட்டு மகிழ்வார்கள். நாம் செய்வதோ, யார் கண்ணிலும் படாமல் போனால்தான் நன்றாகச் செய்தோம் என்று பொருள். உங்கள் பெயர் அதில் இருக்காது. உங்கள் கை அதில் தெரியாது. உங்கள் அன்பும் அதில் தெரியக்கூடாது! தெரிந்தால், காக்க நினைத்த பிள்ளையை அதுவே காட்டிக்கொடுத்துவிடும்.

யார் அங்கே எழுந்திருப்பது? தீர்த்தம்மாவா? சொல்லுங்கள் தாயே. உட்காருங்கள், மற்றவர்கள் உட்காருங்கள், அவர் பேசட்டும்.

பின்னால் இருப்பவர்களுக்குக் கேட்கவில்லையாம். அவர் கேட்டதை அப்படியே சொல்கிறேன். "மாஸ்டர், நல்லாத்தான் பேசறீங்க. நா அவுத்துப்புட்டு, ஏம் பையனுக்கு ஏதாச்சும் ஒண்ணு ஆயிட்டா நீங்க பதில் சொல்லுவீங்களா?"

சொல்ல மாட்டேன் தாயே. சொல்ல முடியாது. ஒன்றும் ஆகாது என்று இந்த மைக்கில் நான் ஓங்கிச் சொல்லலாம். கூட்டம் கைதட்டும். ஆனால் எனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்லி உங்கள் கையை அசைக்க நான் விரும்பவில்லை. எந்த அதிகாரிக்கும் தெரியாது. எந்த அமைச்சருக்கும் தெரியாது. உங்கள் கேள்விக்கு இந்த மேடையில் பதில் இல்லை. என் பேச்சு இதோடு தோற்றுவிட்டது என்றால், தோற்றுவிட்டுப் போகட்டும்.

ஒரு நிமிடம். வழி விடுங்கள். மேடைக்கு வருகிறவருக்கு வழி விடுங்கள். படி உயரம், பார்த்து ஏறுங்கள் அம்மா.

இவர் யார் என்று தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். இவர் பெரியம்மாள். இவர் மகன் கிருஷ்ணப்பன் போன வருஷம் பனிச்சரிவில் போனவன். அவன் போன மூன்றாம் மாதம் இவர் வேலைக்கு வந்தார். எல்லாரும் முடிந்தபோது இவர் மட்டும் எந்த வலையிலும் முடிச்சுப் போடவில்லை. முடிவதற்கு இவருக்கு யாரும் இல்லை.

மைக் வேண்டாமாம் அம்மாவுக்கு. நானே சொல்கிறேன். "எல்லா முடிச்சையும் நா அவுக்கறன். எனக்கு ஆவறதுக்கு இனி என்னா இருக்குது? வர்றது ஏந்தலையில வரட்டும். உங்க புள்ளைங்க நல்லா இருக்கட்டும்."

அம்மா... கொஞ்சம் பொறுங்கள்.  

என் பின்னால் கட்டியிருக்கும் வலையிடம் போய்விட்டார். இது தீர்த்தம்மாள் கட்டிய வலை. நடுவில் கையை வைத்துவிட்டார்.

யார் ஓடி வருவது? வழி விடுங்கள், தீர்த்தம்மா வருகிறார், விடுங்கள்!

கையைப் பிடித்துக்கொண்டார். பெரியம்மாள் கையைத் தீர்த்தம்மாள் பிடித்துக்கொண்டார். "வுடு அக்கா. நீ தொடாத. நீ பட்டது போதும். நா முடிஞ்சது, நானே அவுக்கறன்" என்கிறார்.

அவிழ்க்கிறார்.

மஞ்சளை வலையிலிருந்து எடுத்துவிட்டார். காசு கையில் இருக்கிறது. முந்தானையை எடுக்கிறார், அந்தக் காசை முந்தானையில் முடியப் பார்க்கிறார். காசு நழுவி நழுவிப் போகிறது. முடிய வரவில்லை.

பெரியம்மாள் அந்த முந்தானையை வாங்கிக்கொண்டார். அவரே முடிகிறார். "குடு இப்படி. நல்லா இறுக்கி முடியணும் கண்ணு. அவன் வர்ற வரைக்கும் அவுறக்கூடாது."

தாய்மார்களே, நீங்கள் எல்லாரும் எழுந்துவிட்டீர்கள். ஜான் பீயும் எழுந்துவிட்டாள். கொட்டகை திறந்துதான் இருக்கிறது. போங்கள். அவரவர் வலையில் அவரவர் முடிச்சு. சரக்கு வண்டிக்கு இன்னும் நேரம் இருக்கிறது. ஆண்கள் குழந்தைகளை வாங்கிக்கொள்ளுங்கள், இன்று மாலை உலை வைப்பதும் உங்கள் பொறுப்பு.

தலைமை ஏற்ற குள்ளம்மாள் அவர்களுக்கும், அமர்ந்து கேட்ட பெரியவர்களுக்கும், என் பேச்சுக்குப் பதில் கேட்ட தாய்க்கும், பதில் சொன்ன தாய்க்கும் நன்றி. மைக்கை அணைத்துவிடுங்கள் தம்பி. இனி நான் சொல்வதற்கு ஒன்றும் இல்லை. வணக்கம்.